தம்பியோட பிஎஸ்4-ஐ விற்ற கதை

2024 ஜனவரியில் தம்பி துபாய்க்குப் போனான். பைக்கை விற்றுவிட்டுப் போனவன், டிவியில் மாட்டி கேம் விளையாடுகிற பிஎஸ்4 பெட்டியை (பிளேஸ்டேஷன் 4) மட்டும் டிவிக்குக் கீழே அப்படியே விட்டுவிட்டான். போன வருஷம் ஆடியில் போன் பண்ணி, "அண்ணா, அதை வித்துரு. வர்ற காசுல அம்மாவுக்கு வாஷிங் மெஷின் எடுத்துக் குடு" என்றான். நாலு போட்டோ, ஒரு விளம்பரம், அதோடு வேலை முடிந்தது என்றுதான் நினைத்தேன். இருபத்து மூன்று நாள் இழுத்தது.

எங்களுக்குக் கொழிஞ்சாம்பாறை. பாலக்காடு ஜில்லாதான், ஆனால் கடைவீதியில் நின்றால் காதில் விழுவதில் முக்கால்வாசி தமிழ். பொள்ளாச்சியும் கிட்ட, கோயம்புத்தூரும் கிட்ட. விற்கிறவனுக்கு இது வசதி, இரண்டு பக்கத்திலிருந்தும் ஆள் வரும். பேரமும் இரண்டு பாஷையில் வரும்.

முதல் வேலை தூசி. ஆடிக்காற்று கணவாய் வழியாகப் புகுந்து அடிக்கிற ஊர் இது, ஜன்னலைச் சாத்தினாலும் மேசையில் புழுதி படியும். ஒன்றரை வருஷம் சும்மா கிடந்த பெட்டியின் பின்பக்க ஓட்டைகளில் டார்ச் அடித்துப் பார்த்தால், உள்ளே இலவம்பஞ்சு மாதிரி அடைத்திருந்தது. தெருமுனை டூவீலர் பட்டறையில் ஏர் அடிக்கக் கொண்டுபோனேன். அங்கே ஒரு விஷயம் தெரிந்துகொண்டேன். ஃபேன் இறக்கையை ஈர்க்குச்சி கொடுத்து நிறுத்திக்கொண்டுதான் ஊத வேண்டும். இல்லாவிட்டால் காற்று வேகத்தில் ஃபேன் கண்டபடி சுற்றிக் கெட்டுப்போகும். பைப்பில் தண்ணீர் தங்கியிருக்கும் என்று பட்டறைக்காரர் முதலில் இரண்டு தடவை வெளியே அடித்துக் காட்டினார். நிஜமாகவே தண்ணீர் தெறித்தது. அதை நேராகப் பெட்டிக்குள் அடித்திருந்தால் என்ன ஆகியிருக்கும்?

அடுத்தது தம்பியின் கணக்கை அதிலிருந்து கழற்றுவது. பிஎஸ்4-இல் ஒரு கணக்குக்கு ஒரு பெட்டிதான் 'பிரைமரி', அதாவது முதன்மைப் பெட்டி. அதை எடுத்துவிடாமல் விற்றால், நாளைக்கு அவன் அங்கே இன்னொரு பிஎஸ்4 வாங்கி பிரைமரி ஆக்கும்போது தகராறு வரும். ஆன் செய்து நெட் கொடுத்தேன். முதலில் அப்டேட் போடு, அப்புறம்தான் உள்ளே விடுவேன் என்றது. போட்டேன். (இந்த அப்டேட்டால் எனக்கு வந்த நஷ்டத்தைப் பின்னால் சொல்கிறேன்.) பாஸ்வேர்டு தம்பிக்கே மறந்து போயிருந்தது. மெயில் வழியாக அவன் புதிதாக மாற்றிக் கொடுத்தான். அப்புறம் ஆறு இலக்கக் குறியீடு கேட்டது. அது எந்த நம்பருக்குப் போகும்? தம்பியின் பழைய சிம்முக்கு. அந்த சிம் எங்கே? அம்மாவின் பட்டன் போனில். அம்மா எங்கே? வேலந்தாவளத்தில், தங்கச்சி வீட்டில்.

போன் போட்டு, "இப்ப ஒரு மெசேஜ் வந்திருக்கும், அதுல ஆறு நம்பர் இருக்கும், படிம்மா" என்றேன்.

"ஓடிபியா கண்ணு?"

"ஆமாம்மா."

"அதை யாருக்கும் சொல்லக்கூடாதுன்னு போன் எடுத்தாலே சொல்றாங்களே."

"அம்மா, நான் உன் மகன் பேசறேன்."

"குரலை மாத்திப் பேசறானுங்கன்னும் சொல்றாங்க."

கடைசியில் தங்கச்சி போனை வாங்கிப் படித்தாள். அவள் படித்தது பழைய மெசேஜ். சரியானதைத் தேடி எடுப்பதற்குள் அந்தக் குறியீடு காலாவதி ஆகிவிட்டது. மூன்றாவது தடவைதான் உள்ளே போக முடிந்தது. செட்டிங்ஸில் அக்கவுண்ட் மேனேஜ்மென்ட் போய், பிரைமரி என்பதை டீஆக்டிவேட் செய்ய அரை நிமிஷம்கூட ஆகவில்லை. இதையே பெட்டியைத் தொடாமல் தம்பி துபாயில் உட்கார்ந்து பிரவுசரில் செய்திருக்கலாம் என்பது எனக்கு அப்புறம்தான் தெரிந்தது. ஆறு மாசத்துக்கு ஒரு தடவை எல்லாப் பெட்டியையும் அப்படிக் கழற்றிவிட முடியும். அவன் விளையாடிச் சேர்த்த சேவ்களை (எந்த கேமில் எதுவரை விளையாடினான் என்ற பதிவுகளை) மட்டும் பென்டிரைவில் எடுத்து வைத்தேன். டவுன்லோடாக வாங்கியிருந்த நாலு கேம் அவன் கணக்கோடு போய்விட்டது. அதை விற்க வழியே இல்லை. டிஸ்க்தான் காசு.

கோயம்புத்தூர் காந்திபுரத்தில் ஒரு கடையில் கேட்டேன். 1 டிபி ஸ்லிம் மாடல் பெட்டி, இரண்டு கன்ட்ரோலர், ஆறு டிஸ்க், எல்லாம் சேர்த்து 8,500 என்றார்கள். 2018 தீபாவளிக்கு முப்பதாயிரத்துச் சொச்சம் கொடுத்து வாங்கியது. சரி, நேரடியாகவே விற்போம் என்று 19,000 போட்டு விளம்பரம் கொடுத்தேன்.

அன்றைக்கே போன்கள். பாலக்காட்டுப் பக்கம் என்றால், "லாஸ்ட் எத்ரயா சேட்டா?" கோயம்புத்தூர்ப் பக்கம் என்றால், "ஃபைனலா எவ்ளோங்ணா?" பொருளைப் பற்றி ஒரு கேள்வி கேட்பதற்கு முன்னாலேயே ஃபைனல் வேண்டும். ஒருத்தன் மட்டும் வேறு மாதிரி கேட்டான்: "வெர்ஷன் பதினொன்னுல இருக்குங்களா?" எனக்குப் புரியவில்லை. சிஸ்டம் மென்பொருள் 11.00-ஆக இருந்தால் பூட்டை உடைத்துக் காசு கொடுக்காமல் கேம் ஏற்றலாமாம். தம்பி விட்டுப் போனபோது அது 11.00-இல்தான் இருந்தது. நான்தான் புதிய அப்டேட்டைப் போட்டுத் தொலைத்தேன். "அப்டேட் பண்ணீட்டீங்களா? போச்சு. இல்லாட்டி பதினெட்டு குடுத்திருப்பேன்" என்று வைத்துவிட்டான். திருட்டு கேமுக்குத் துணை போகாமல் தப்பித்தோம் என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். மனசு முழுசாகத் தேறவில்லை.

இன்னொருத்தன் ராணுவத்தில் இருப்பதாகச் சொன்னான். பேரமே பேசவில்லை, அதுவே உறுத்தியது. யூனிஃபார்ம் போட்டோ ஒன்று, அதோடு ஒரு க்யூஆர் கோடு. "ஸ்கேன் பண்ணி பின் போடுங்க, பணம் உங்க அக்கவுண்டுக்கு வந்துரும்." பணம் வாங்க எவனும் பின் போட வேண்டியதில்லை, அனுப்பத்தான் பின். சைபர் மோசடிப் புகார் எண் 1930-க்கு அடிக்கட்டுமா என்று கேட்டேன், நம்பரையே மாயமாக்கிவிட்டான்.

டிஸ்க்குகளைத் தனித்தனியாகக் கேட்டவர்களால் ஒரு கணக்குப் புரிந்தது. ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2, காட் ஆஃப் வார், ஸ்பைடர்மேன் மூன்றும் 2018-இல் வந்தவை, இன்றைக்கும் ஆள் இருக்கிறது. அதே 2018-இல் வந்த ஃபிஃபா 19-ஐ நூறு ரூபாய்க்குக்கூட எவரும் தொடவில்லை. வருஷா வருஷம் புது டீமோடு புது கேம் வந்தால் பழசை யார் எடுப்பார்கள்? நல்ல டிஸ்க்குகளைத் தனியே விற்றால் கூடுதலாகக் கிடைத்திருக்கும். ஆனால் கேம் இல்லாத வெறும் பெட்டிக்கு அப்புறம் ஆள் தேடி அலைய வேண்டும். சேர்த்தே கொடுப்பது என்று முடிவு செய்தேன்.

பொள்ளாச்சியிலிருந்து ஒருவர், பத்தாவது முடித்த மகனுக்காக, ஞாயிற்றுக்கிழமை வந்து பார்க்கிறேன் என்றார். சனிக்கிழமை ராத்திரி எல்லாவற்றையும் அழிக்கக் கொடுத்தேன். 'குவிக்' என்று ஒன்று, 'ஃபுல்' என்று ஒன்று. ஃபுல்தான் முழுசாகத் துடைக்கும், மணிக்கணக்கில் ஓடும். நடுவில் கரண்ட் போனால் வம்பு என்று இன்வெர்ட்டர் லைனில் மாட்டிவிட்டுப் படுத்தேன்.

காலையில் பையனுக்குக் காட்ட ஏதாவது ஏற்றி வைப்போம் என்று ரெட் டெட் டிஸ்க்கைப் போட்டேன். டேட்டா டிஸ்க்கைப் போடு என்றது. டப்பாவைத் திறந்தால் ஒரு பக்கம் காலி. அந்த கேமுக்கு இரண்டு டிஸ்க்: டேட்டா டிஸ்க் ஏற்றுவதற்கு, பிளே டிஸ்க் விளையாடுவதற்கு. ஒரு தடவை ஏற்றிவிட்டால் டேட்டா டிஸ்க் தேவையே இல்லை, அதனால் அது தொலைந்தது ஆறு வருஷமாக யாருக்கும் தெரியவில்லை. நான் அழித்த பிறகுதான் தெரிகிறது. பத்து மணிக்கு ஆள் வருகிறார்.

பீரோ, பரண், தம்பியின் பெட்டி எல்லாம் கவிழ்த்தாயிற்று. அம்மா அடுப்படியிலிருந்தே, "சிடி எல்லாம் ஒரே இடத்துலதான் எடுத்து வெச்சேன்" என்றார். எங்கே? தங்கச்சியின் கல்யாண சிடி உறையில். முகூர்த்தம் ஒன்று, வரவேற்பு ஒன்று, மூன்றாவது மடிப்பில் அடிப்பக்கம் கருநீலமாக மின்னிக்கொண்டு டேட்டா டிஸ்க். ஒரு கீறல் இல்லை. அம்மாவைத் திட்ட வாயெடுத்தவன் மூடிக்கொண்டேன்.

அப்பாவும் மகனும் கோபாலபுரம் வழியாக பைக்கில் வந்தார்கள். பையன் விவரமானவன். எச்டிஎம்ஐ சொருகும் இடத்தை டார்ச் அடித்துப் பார்த்தான், ஒவ்வொரு டிஸ்க்கையும் போட்டு எடுத்தான். கன்ட்ரோலரை மேசையில் வைத்துக் கையை எடுத்துவிட்டுத் திரையைப் பார்த்தான். ஒன்றில் யாரும் தொடாமலே கர்சர் மெதுவாக இடதுபக்கம் நகர்ந்தது. "ஸ்டிக் ட்ரிஃப்ட் இருக்குங்ணா." விளம்பரத்திலேயே நான் எழுதியிருந்ததுதான். இருந்தாலும் அதற்கு ஆயிரம் குறைந்தது. அப்பா வாயே திறக்கவில்லை, கடைசியில் ஒன்றே ஒன்று கேட்டார்: "பில் இருக்குங்களா? வழியில நிறுத்திக் கேட்டா என்ன சொல்றது?" 2017-இல் ஜிஎஸ்டி வந்ததோடு வரி செக்போஸ்ட் எல்லாம் எடுத்தாயிற்று, ஆனாலும் இந்தப் பக்கத்து ஆட்களுக்கு எல்லை தாண்டிப் பொருள் கொண்டுபோவதென்றால் இன்னும் வயிற்றில் ஒரு பயம். பழைய பில்லைக் கொடுத்தேன். சீரியல் நம்பர், தேதி, தொகை எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டு ஆளுக்கொரு தாள் வைத்துக்கொண்டோம். 15,500. முதலில் ஒரு ரூபாய் அனுப்பி வந்ததா என்று கேட்டுவிட்டு, மிச்சத்தை அனுப்பினார்.

ஃபிஃபா 19-ஐ அந்தப் பையன் சும்மா கொடுத்தும் எடுத்துக்கொள்ளவில்லை. அதை அம்மா நூல் கட்டி, கிளி வராமலிருக்கக் கொய்யா மரத்தில் தொங்கவிட்டிருக்கிறார்.