சலத்தின் வேகத்தை அளக்கப் போன கதை

சலம் போகத் தொடங்கவே நேரம் எடுத்தது. தொடங்கினாலும் நூல் மாதிரித்தான் போகும். முடிந்தது என்று வந்து படுத்தால் திரும்பவும் முட்டும். இரவில் நாலு தரம் எழும்பினேன். எனக்கு வயது 63. வயது போனால் இப்படித்தான் என்று நினைத்து ஒன்றரை வருடமாக ஒருத்தரிடமும் வாய் திறக்கவில்லை. கடைசியில் மனுசிதான் பிடிவாதமாக நின்று டொக்டரிடம் கூட்டிப்போனாள்.

அவர் ஏழு கேள்விகள் உள்ள தாளொன்றைத் தந்தார். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 5 வரை புள்ளி, மொத்தம் 35. எனக்கு 18 வந்தது. 8 முதல் 19 வரை நடுத்தரம், 20உம் அதற்கு மேலும் கடுமை. இரத்தப் பரிசோதனை, ஸ்கான், அதோடு யூரோஃப்ளோமெட்ரி என்று எழுதித் தந்தார். சலம் எவ்வளவு வேகத்தில் போகிறது என்று மெசினில் அளப்பதுதான் அந்தக் கடைசிப் பெயர். ஊசி இல்லை, குழாய் இல்லை, நோவும் இல்லை.

ஆனால் முதல் தரம் எல்லாம் பிழைத்துவிட்டது. வவுணதீவில் இருந்து வலையிறவுப் பாலத்தால் மட்டக்களப்பு டவுனுக்கு வந்து, போன உடனேயே உள்ளே விட்டார்கள். தண்ணீர் குடித்து வரவேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. வெளியில் அடுத்த ஆள் கதவைத் தட்டுகிறார். பதற்றத்தில் வயிற்றை இறுக்கி முக்கிப் போனேன். மொத்தமே 90 மில்லிலீட்டர். ரிப்போர்ட்டில் உச்ச வேகம் செக்கனுக்கு 8 மில்லி. ஒப்பரேசன்தான் என்று நினைத்து அன்றிரவு நான் நித்திரை கொள்ளவில்லை.

டொக்டர் அந்தத் தாளைப் பார்த்ததும், “ஐயா, இதை வைத்து ஒன்றும் சொல்லேலாது. குறைந்தது 150 மில்லி போகவேணும். இன்னொருக்கா செய்வம்” என்றார். அந்த ஒரு சொல்லில் பாதிப் பாரம் இறங்கியது. நான் உன்னிச்சைக் குளத்துத் தண்ணீரில் வயல் செய்கிறவன். குளத்தில் தண்ணீர் இல்லாமல் துருசைத் திறந்து, வாய்க்கால் சரியில்லை என்று யாரும் சொல்லமாட்டார்கள். இதுவும் அப்படித்தான். அதற்காக அளவுக்கு மிஞ்சி அடக்கிக்கொண்டு போவதும் கூடாது. சலப்பை மிதமிஞ்சி விரிந்தால் அது சுருங்கித் தள்ளுகிற பலம் குறைந்துவிடும்.

இரண்டாம் தரம் வேறோர் இடத்துக்குப் போனேன். ஒரு மணித்தியாலத்துக்கு முன்பே தண்ணீர் குடித்து, நன்றாக முட்டும்வரை இருந்தேன். அங்கிருந்த தாதிப் பிள்ளை ஆறுதலாக விளங்கப்படுத்தினா: “ஐயா, வீட்டில போற மாதிரியே போங்க. முக்காதீங்க, புனலில தட்டிப்போடாதீங்க. நான் வெளியில நிக்கிறன், அவசரமில்லை.” கதவைச் சாத்திவிட்டுப் போய்விட்டா. புனலுக்குக் கீழே ஒரு ஜக், ஜக்குக்குக் கீழே தராசு போல ஒரு தட்டு. சேரச்சேர பாரத்தை வைத்து, ஒவ்வொரு செக்கனுக்கும் எவ்வளவு போகிறது என்று மெசின் கோடு கீறும்.

280 மில்லி போனது. உச்ச வேகம் செக்கனுக்கு 11 மில்லி. ஆண்களுக்குப் பொதுவாக 15க்கு மேல் இருந்தால் நல்லது, 10க்குக் கீழே என்றால் கவனிக்க வேண்டும். நான் இடையில் நின்றேன். நல்ல ஓட்டம் கவிழ்த்த மணி போல ஏறி இறங்குமாம். என்னுடையது வயல் வரம்பு மாதிரி தாழ்வாக நீண்டு கிடந்தது. உடனே ஸ்கானில் பார்த்தபோது பையில் 70 மில்லி மிச்சம் இருந்தது.

வேகம் குறைவு என்பதை மட்டும்தான் இந்த மெசின் சொல்லும். வழியில் அடைப்பா, தள்ளுகிற பை சோர்ந்துபோனதா என்று தனியே பிரித்துச் சொல்லாது. சிலருக்கு அதற்கு அழுத்தம் பார்க்கிற இன்னொரு பரிசோதனை தேவைப்படும். எனக்குச் சலப்பைக்குக் கீழே இருக்கிற புரொஸ்டேட் சுரப்பி பெருத்திருந்தது ஸ்கானில் தெரிந்தது, இரத்தப் பரிசோதனையில் பயப்பட ஒன்றும் இல்லை. அதனால் டொக்டர் சலம் போகிற வழியைத் தளர்த்துகிற டாம்சுலோசின் என்ற மருந்து 0.4 மில்லிகிராம் தந்தார். தலை சுற்றக்கூடும், படுக்கையில் இருந்து மெதுவாக எழும்புங்கள் என்றார். கண்ணில் புரை வெட்ட இருக்கிறவர்கள் இந்த மருந்து குடிப்பதைக் கண் டொக்டரிடம் கட்டாயம் சொல்ல வேண்டும். எனக்கும் புரை இருந்ததால் கேட்டு அறிந்துகொண்டேன். சலத்தில் இரத்தம் கண்டாலோ, அடியோடு நின்றுவிட்டாலோ கிளினிக் நாள் வரும்வரை பார்த்திருக்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்.

மூன்று மாதம் கழித்துத் திரும்ப அளந்தார்கள். உச்ச வேகம் 13, மிச்சம் 30 மில்லி. எண் பெரிதாக ஏறவில்லை. ஆனால் இப்போது இரவில் ஒருதரம்தான் எழும்புகிறேன். என் மச்சானும் இரண்டு வருடமாக இதே கரைச்சலை மறைத்து வைத்திருந்தார் என்று போன கிழமைதான் தெரிந்தது. வருகிற செவ்வாய்க்கிழமை அவரை நானே கூட்டிப்போகிறேன். காலையில் தண்ணீர்ப் போத்தலோடு வரச்சொல்லியிருக்கிறேன்.