மேல்மொணவூரில் ஒரு தேசிமரம்

1990இல் மன்னாரிலிருந்து படகேறி வந்தபோது எனக்குப் பத்து வயது. மண்டபம், அதன்பின் ஓரிரு ஊர்கள், கடைசியில் வேலூருக்குப் பக்கத்தில் மேல்மொணவூர் முகாம். அந்தச் சின்ன அறைகளில் ஆளுக்கே இடமில்லை, செடிக்கு ஏது? 2023இல் அரசு கட்டிய புது வீட்டுக்கு வந்த பிறகுதான் வாசலோரம் நாலடி மண் வாய்த்தது.

முதலில் கண்ணுக்கு அழகானதைத்தான் வாங்கினேன். அடுக்குச் செம்பருத்தி இரண்டு மாதம் பூத்துத் தள்ளியது. ஒரு தேனீகூட எட்டிப் பார்க்கவில்லை. அடுக்குப் பூவில் மகரந்தத் தாள்களே இதழ்களாக மாறிவிடும், தேனையும் பூச்சி எளிதில் எட்ட முடியாது. அப்புறம் ஒற்றை இதழ்ப் பூக்களாகத் தேடினேன். இட்லிப்பூவின் நீளக் குழல் வண்ணத்துப்பூச்சியின் உறிஞ்சிக்கு ஏற்றது. துளசியில் கதிரைக் கிள்ளாமல் விட்டேன். காலையில் ஏழு மணிக்கே தேனீக்கள் மொய்த்தன. வேலூர் வெயிலுக்கு அவற்றுக்கும் தண்ணீர் வேண்டுமே. தட்டில் கூழாங்கல் போட்டு, கல் மூழ்காத அளவுக்குத் தண்ணீர் ஊற்றி வைக்கிறேன்.

ஆனால் தேன் மட்டும் போதாது. புழு தின்ன இலை வேண்டும், அதுவும் அதற்கே உரிய இலை. எருக்கைத் தின்பது வெந்தய வரியன் என்ற வண்ணத்துப்பூச்சியின் புழு. அதை நான் நடவில்லை, ரோட்டோரமெல்லாம் தானாகவே நிற்கிறது. எங்கள் வீட்டில் அம்மாவின் நினைவாக ஒரு தேசிக்கன்று வைத்தேன், இங்கே எலுமிச்சை என்பார்கள். மழை விட்டதும் தளிரெல்லாம் காக்கை எச்சம் போல் புழுக்கள். சில நாளில் பச்சையாகிக் கொழுத்தன.

எதிர்வீட்டு அக்காவுக்கு மனசு கேட்கவில்லை. அவர் இந்த ஊர்க்காரர்.

“இன்னாம்மா, எலுமிச்சை மொட்டையா கீது, மருந்து அடிக்கலையா?”

“வேண்டாம் அக்கா, வண்ணத்துப்பூச்சி வரும்.”

“இன்னா பூச்சி?”

“பட்டாம்பூச்சி.”

ஒரு புழுவை விரலால் தொட்டுக் காட்டினேன். தலைக்குப் பின்னால் ஆரஞ்சு நிறக் கொம்பு இரண்டு நீண்டன, கூடவே காரமான ஒரு வாசம். அக்கா பின்வாங்கிச் சிரித்தார். புழு கூடாகி, ஒரு காலையில் கருப்பும் மஞ்சளுமாய் எலுமிச்சை அழகி வெளியே வந்து இறகு உலர்த்தியபோது அவரும் பக்கத்தில்தான் நின்றார். மரம் மறுபடி துளிர்த்துவிட்டது.

போன வாரம் அக்கா கறிவேப்பிலைத் தொட்டியைத் தூக்கி வந்தார், இலையெல்லாம் ஓட்டை.

“இதுவும் உங்க வண்ணத்துப்பூச்சியா பாரு. மருந்து அடிக்காம வெச்சிருக்கேன்.”