படுவலை: ஒரு பழஞ்சொல்லும் அது நின்ற இடங்களும்

சங்கப் பாடல்களில் வேட்டை வலை வரும் இடங்களைப் பல உரைகள் ‘ஒருவகை வலை’ என்ற இரண்டு சொல்லில் கடந்துவிடுகின்றன. பாட்டின் பொருள் கெட்டுவிடாதுதான். ஆனால் வலை எங்கே நின்றது, யார் கையில் இருந்தது, விலங்கு எந்தப் பக்கமிருந்து வந்தது என்பது தெரிந்தால், பாட்டில் வரும் வினைச்சொற்கள் ஏன் அப்படி அமைந்தன என்பதும் தெரியும். அதற்குத் தோதான சொல் படுவலை.

இந்தச் சொல் குறுந்தொகை 342-இல் மலைநாட்டில் வருகிறது, நற்றிணை 212-இல் பாலைநிலத்தில் வருகிறது. குறுந்தொகையில் அது பலாமரத்தில் மாட்டப்படுகிறது, படவேண்டியது குரங்கு. நற்றிணையில் அதைக் கண்டு வெருள்வது நெடுங்கால் பறவையான கணந்துள். குரங்குக்கான வலையும் பறவைக்கான வலையும் நூலிலும் கண்ணிலும் ஒன்றாக இருக்க வழியில்லை. குரங்கு கையால் பிய்க்கும், பல்லால் கடிக்கும். அதற்குத் தடித்த புரி வேண்டும். பறவைக்கு அதே புரியைப் போட்டால் தூரத்திலேயே கண்டுகொள்ளும். ஆகவே படுவலை என்பது அளவையோ பின்னலையோ குறிக்கும் பெயராக இருக்க முடியாது. வலை வேலை செய்யும் முறைக்கான பெயர் அது.

‘படு’ என்பது இங்கே அகப்படுவதைக் குறிக்கும் வினை. படுகுழி எப்படியோ அப்படித்தான் படுவலையும். குழியை வெட்டி மூடிவிட்டு வேட்டுவன் விலகிவிடுகிறான். மீதி வேலை விலங்கின் காலுக்கு. வீசுவலை இதற்கு நேர் எதிர். கை ஓங்கும் அந்த நொடியில்தான் அதன் வேலையே நடக்கிறது. (போலீசார் குற்றவாளியை ‘வலைவீசித் தேடி வருகின்றனர்’ என்று நாளிதழ்கள் எழுதுவது மீனவர் வலை. காட்டு வலையாக இருந்தால் ‘வலை மாட்டிக் காத்திருக்கின்றனர்’ என்றல்லவா வரவேண்டும்!) கடற்கரையில் பிடிபட்ட மீனை இன்றும் ‘மீன்பாடு’ என்பார்கள். படுவலையில் உள்ள அதே வினையிலிருந்து வந்த பெயர்ச்சொல் அது.

குறுந்தொகைப் பாட்டில் நடப்பது இது. காவலை மறந்த கானவனின் பலாப்பழத்தை ஆண்குரங்கு தோண்டிவிடுகிறது. அதன்பின் அவன் ‘கடியுடை மரந்தொறும் படுவலை மாட்டும்’. கடியுடை என்றால் காவலுள்ள. எல்லா மரங்களிலும் மாட்டுவதற்குக் காரணம் இருக்கிறது: ஒரு மரத்தில் சுளையைச் சுவைத்த குரங்கு அடுத்த முறை அதே மரத்துக்குத்தான் வரும் என்பதில்லை. பலா கிளைநுனியில் காய்ப்பதும் இல்லை. அடிமரத்திலும் பெருங்கிளையிலும் காய்க்கும். அதனால் மரம் முழுவதையும் போர்த்த வேண்டியதில்லை. பழம் தொங்கும் உயரத்தில் அடிமரத்தைச் சுற்றிக் கட்டினால் போதும். மாமரத்தில் இது நடக்காது.

நற்றிணைப் பாட்டில் வலையோடு இன்னொன்றும் இருக்கிறது. ‘பார்வை வேட்டுவன் படுவலை வெரீஇ’ என்பது அடி. இங்கே பார்வை என்பது கண்ணால் காணும் செயல் அன்று. தன் இனத்தை ஈர்க்கப் பழக்கிவைத்த விலங்கோ பறவையோதான் பார்வை. பெரும்பாணாற்றுப்படையில் வேட்டுவரான எயினர் குடிசை முற்றத்து விளாமரத்தில் ‘பார்வை யாத்த பறைதாள் விளவின்’ என்று வருகிறது. யாத்த என்றால் கட்டிய. பறைதாள் என்றால் தேய்ந்த அடிமரம். பார்வை மானைக் கட்டிக் கட்டி, கயிறு உரசி மரத்தின் அடி தேய்ந்துபோயிருக்கிறது. இந்த ஒரு சொல்லிலேயே அந்த வீட்டுத் தொழில் எத்தனை காலத்தது என்று தெரிந்துவிடுகிறது. புறநானூறு 320-இல் வேட்டுவன் உறங்குகிறான். அவன் பார்வையாக வைத்த மடப்பிணையோடு (பெண்மானோடு) காட்டிலிருந்து வந்த தனிக்கலை (ஆண்மான்) ஒன்று விளையாடுகிறது. சத்தம் கேட்டால் கணவன் எழுந்துவிடுவானே, கலை பிணையை விட்டு ஓடிவிடுமே என்று மனைவி அசையாமல் இருக்க, மான்தோலில் காயும் தினையைக் கானக்கோழியும் இதலும் தின்றுபோகின்றன. பார்வை தன் வேலையைச் சரியாகச் செய்திருக்கிறது, வேட்டுவன்தான் தூங்கிவிட்டான்.

பார்வையோடு வலை வைப்பதில் எங்கே தவறும்? பார்வையை வலைக்கு மிக அருகில் கட்டினால், வருகிற விலங்கு பார்வையைப் பார்க்கும்போதே வலையையும் பார்த்துவிடும். தள்ளிக் கட்டினாலோ அது பார்வையோடு நின்றுவிடும், வலைக்கு வராது. அதனால் வருகிற வழிக்கும் பார்வைக்கும் நடுவில், புதரின் நிழல் விழும் இடத்தில் வலை இருக்க வேண்டும். பாலையில் இலையில்லை, நிழலும் இல்லை. அங்கே வலை பளிச்சென்று தெரிந்துவிடும். நற்றிணையின் கணந்துள் வெருண்டது அதனால்தான் என்று நான் வாசிக்கிறேன். அதன் தெள்விளி (தெளிந்த கூவல்), வழிச்செல்லும் கூத்தரான கோடியரின் யாழ் நரம்போடு சேர்ந்து ஒலிக்கிறதாம்.

குறள் 274-இல் வேறு ஏற்பாடு: ‘புதல்மறைந்து வேட்டுவன் புள்சிமிழ்த் தற்று’. சிமிழ்த்தல் என்றால் பிணித்தல். படுவலை வைத்தவன் புதரில் ஒளிந்து நிற்க வேண்டிய கட்டாயம் இல்லை. இங்கே அவன் ஒளிகிறான் என்றால், பறவை வந்து அமரும் வரை பார்த்திருந்து கயிற்றை இழுக்கிறான். தரையில் விரித்த வலை மடங்கி மேலே விழ வேண்டும். முந்தி இழுத்தால் கூட்டம் முழுதும் போயிற்று, பிந்தினால் இரை தீர்ந்து எழும்பிவிடும். தவவேடத்தில் மறைந்து தீயது செய்பவனுக்கு உவமையாக வள்ளுவர் குழியையோ படுவலையையோ எடுக்காமல், ஆள் மறைந்திருந்தே ஆகவேண்டிய இந்த வலையை எடுத்ததில் கணக்கு இருக்கிறது.

வலை வேட்டையின் முழு ஒழுங்கும் கிடைப்பது பெரும்பாணாற்றுப்படையில். இரவில் நீருண்ண வரும் பன்றிக்காகக் குழியில் ஒடுங்கியிருந்து பார்க்கிறார்கள். அது கைகூடாவிட்டால் மறுநாள் பகலில்:

‘பகுவாய் ஞமலியொடு பைம்புதல் எருக்கித்
தொகுவாய் வேலித் தொடர்வலை மாட்டி’

வாய் பிளந்த நாய்களோடு பசும்புதரை அடித்துக் கலைத்து, வேலியில் தொடர்வலை மாட்டி, நெடுஞ்செவிக் குறுமுயலைப் ‘போக்கற’ வளைக்கிறார்கள். தொடர்வலை என்பது ஒன்றோடொன்று கோத்த வலைகளின் வரிசை. ஒரே நீள வலையாகப் பின்னாததற்குக் காரணம் வெளிப்படை. நீண்ட வலையைச் சுருட்டித் தூக்க முடியாது, விரிக்கும்போது முள்ளில் சிக்கும், ஓரிடம் அறுந்தால் முழுதும் வீணாகும். துண்டுகளாக இருந்தால் ஆளுக்கு ஒன்று சுமக்கலாம், வேலியின் வளைவுக்கு ஏற்பக் கோக்கலாம். கோத்த இடம்தான் பலவீனம். இரண்டு துண்டுகளும் ஒரு முழமாவது ஒன்றன்மேல் ஒன்று படிந்திருக்காவிட்டால் முயல் அந்த இடைவெளியில்தான் நுழையும்.

‘தொகுவாய் வேலி’ என்பதை வாய் குவிந்துவரும் வேலி என்று கொள்கிறேன். அகன்று தொடங்கி ஒடுங்கும் முள்வேலி. ஒடுங்கும் இடத்தில் வலை. முயல் வேலியைத் தாண்டப் பார்க்காது, வேலியோரமாக ஓடும். ஆகவே வலையை மறைப்பதைவிட வேலியை ஒழுங்காக இழுத்து வருவதே பெரிய வேலை.

‘மாட்டி’ என்ற வினையைக் கவனியுங்கள். குறுந்தொகையிலும் இதே வினைதான் வருகிறது. பொறி வைப்பதற்கெல்லாம் பொதுவான சொல் அது. புறநானூறு 19-இல் புலிக்கு வைக்கும் கல்பொறியான அடாருக்கும் ‘மாட்டிய’ என்றுதான் வருகிறது. என்றாலும் வலைக்கு அது மிகப் பொருந்துகிறது. முயல்வலையை விறைப்பாக இழுத்துக் கட்டக்கூடாது. விறைத்த வலையில் மோதிய முயல் பந்துபோல் திரும்பித் தெறிக்கும். கவைக்குச்சியில் மேல்கயிற்றைப் பட்டும் படாமலும் மாட்டினால், மோதியவுடன் கயிறு நழுவி வலை விலங்கின் மேல் சரியும். அதற்கு வலையில் தொய்வு வேண்டும். இங்கிலாந்தில் குழிமுயலுக்கு வைத்த நெடுவலைகளில் 100 கெஜக் கயிற்றில் 150 கெஜ வலையைக் கோப்பது வழக்கம். அந்த அரைப்பங்கு உபரிதான் விலங்கைச் சுற்றிப் பையாகிறது. அடிவிளிம்பு தரையில் கிடக்க வேண்டும், அதுவும் விலங்கு வரும் பக்கமாக மடிந்து. அடியில் நான்கு விரல் தூக்கியிருந்தால் முயல் மார்பைத் தரையில் தேய்த்துக்கொண்டு போய்விடும்.

பனியும் கெடுக்கும். நார்க்கயிறு நனைந்தால் புரி பருத்து நீளம் குறையும். மாலையில் தொய்வாக மாட்டிய வலை விடியலில் விறைத்து நிற்கும். வெளுத்த புதுநாரும் ஆகாது. துவர்ப்பட்டைச் சாற்றில் ஊறவைத்தால் நிறமும் மங்கும், நாரும் சீக்கிரம் மக்காது.

நம் பாடல்கள் அளவு எதுவும் தரவில்லை. அவை கைந்நூல்கள் அல்லவே. அளவோடு எழுதிய பழைய நூல் வேண்டுமென்றால் கிரேக்கத்துக்குப் போக வேண்டும். செனபோன் பெயரில் வழங்கும் வேட்டை நூல் முயல்வலைக்கு மூன்று தனிப்பெயர்கள் சொல்கிறது. பை போன்ற சிறுவலை ஆர்க்குஸ்: மூன்று புரி, புரிக்கு மூன்று இழை, ஆக 9 இழை, கண் இரண்டு உள்ளங்கை அகலம், ஏறத்தாழ 15 செ.மீ. வழியில் வைக்கும் எனோடியாவுக்கு 12 இழை. நெடுவலையான திக்த்யாவுக்கு 16 இழை. நீளம் 10, 20, 30 பாகம் (ஒரு பாகம் இரு கையும் விரித்த நீளம்), அதாவது சுமார் 18, 36, 54 மீட்டர். அதற்கு மேல் போனால் கையாள முடியாது என்று எச்சரிக்கையும் இருக்கிறது. வலையின் ஓரக்கயிற்றில் முடிச்சே இருக்கக்கூடாது என்றும் சொல்கிறது. முடிச்சு இருந்தால் கயிறு ஓடாது, பை சுருங்காது.

அந்த 54 மீட்டரை மனத்தில் வைத்துக்கொண்டு பெரியபுராணத்துக்கு வந்தால் சிரிப்பு வரும். 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் திண்ணனாரின் (பின்னாளில் கண்ணப்ப நாயனார்) முதல் வேட்டையில் யோசனைப் (யோசனை என்பது பழைய தொலைவு அளவு) பரப்பெல்லாம் ‘நெடிய திண்வலைத் தொடக்கு நீளிடைப் பிணித்து’ வைக்கிறார். காதக் கணக்கில் வலை! அளவு காப்பிய மிகை. வரிசை மட்டும் துல்லியம். வார்வலை சுமந்தவர்கள் வேட்டுவருக்கு முன்னே போகிறார்கள். காட்டை வளைத்துக் காவல் அமைத்த பிறகே திண்ணனாரிடம் வந்து சொல்கிறார்கள். ஓசையும் நாயும் அதற்குப் பின்புதான். இதை மாற்றிச் செய்தால் வலை விரியும் முன்பே காடு காலியாகிவிடும். சேக்கிழார் ‘மாட்டி’ என்னாமல் ‘பிணித்து’ என்றதும் சரி. அங்கே படவேண்டியது குறுமுயல் மட்டும் அன்று. பன்றியும் மானும் மோதும் வலையை மரத்தோடு பிணிக்காமல் முடியாது. கட்டு என்று பொருள்படும் தொடக்கு என்ற சொல் ஈழத்தில் ‘துடக்கு’ என்று தீட்டைக் குறிக்கிறது: கட்டுண்டிருத்தல் என்ற கருத்து காட்டிலிருந்து வீட்டுக்குள் வந்துவிட்டது.

கண்ணியைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. கண் என்றால் வலையின் துளை. ஒற்றைக் கண்ணாய் நிற்கும் சுருக்கு கண்ணி. சங்கப் பாடல்களில் இச்சொல் பெரும்பாலும் தலையில் சூடும் பூமாலை. வேட்டைப் பாட்டில் வருவதால் மட்டுமே சுருக்கு என்று எடுத்துவிடக்கூடாது. கண்ணிவெடியில் அந்த வேட்டைப்பொருள் இன்றும் அப்படியே இருக்கிறது.

மதுரை, புதுக்கோட்டைப் பக்கத்து வலையர் சமூகத்தின் பெயரை மீன்வலையோடு சேர்ப்பவர்கள் உண்டு. காட்டில் வலைகட்டிப் பிடித்ததால் வந்த பெயர் என்ற விளக்கத்தை 1868-இல் வெளிவந்த மதுரை மாவட்டக் கையேடே தருகிறது. கடலில்லாத ஊர்களில் பரவி வாழ்பவர்களுக்கு இந்த விளக்கமே பொருந்துகிறது.

இன்று இவையெல்லாம் படிப்பதற்கு மட்டும்தான். 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் வேட்டை என்பதற்குத் தரும் விளக்கத்தில் கொல்வதோடு நிற்கவில்லை. பிடிப்பது, கண்ணி வைப்பது, பொறி வைப்பது, விரட்டுவது, இரை காட்டி ஈர்ப்பது எல்லாவற்றையும் தனித்தனியே அடுக்குகிறது. மரந்தொறும் படுவலை மாட்டிய கானவனும், புதல் எருக்கி முயலை வளைத்தவர்களும், பார்வைப் பிணையைக் கட்டிவிட்டுத் தூங்கியவனும் அந்த ஒரே பிரிவுக்குள் வந்துவிடுவார்கள்.