சான்றிதழில் ஓர் எழுத்து

ஜூன் 12, 2025
தங்கை மகளின் பத்தாம் வகுப்புச் சான்றிதழில் இனிஷியல் 'சி'க்குப் பதில் 'சு' என்று அச்சாகியிருக்கிறது. பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டிலும் பிறப்புச் சான்றிதழிலும் 'சி'தான். போன வருஷமே தேர்வு அலுவலகத்தில் திருத்தம் கேட்டு மனு கொடுத்தாயிற்று. எப்போது போய்க் கேட்டாலும் "மேலே போயிருக்கு, வரும்" என்கிறார்கள். கலந்தாய்வு நெருங்குகிறது. பிள்ளைக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

ஜூன் 14
பழைய மனுவின் நகலோடு புது மனு எழுதி, ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பினோம். வாயால் சொன்ன பதிலை வைத்து எந்தக் கோர்ட்டிலும் நிற்க முடியாது. கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு, கட்டணம் 10 ரூபாய். கேட்டது இவ்வளவுதான்: கோப்பு இன்று யார் மேஜையில் இருக்கிறது, என்றைக்கு அங்கே போனது? 30 நாளுக்குள் பதில் தர வேண்டும்.

ஜூன் 21
நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகலாமே என்றார் பக்கத்து வீட்டுக்காரர். போக முடியாது. தேர்வு நடத்தும் வாரியம் சேவை விற்பவர் அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2009-லேயே சொல்லிவிட்டது.

ஜூலை 15
பதில் வந்தது. பதிவேட்டு நகல் கேட்டுக் கோப்பைப் பிப்ரவரியிலேயே பள்ளிக்குத் திருப்பி அனுப்பிவிட்டார்களாம். பள்ளியோ, எதுவும் வரவில்லை என்கிறது. ஒரு கடிதம் எங்கேயோ கிடக்க, இவள் ஏன் தவிக்க வேண்டும்? கோபம் அடங்கவே இல்லை.

ஜூலை 17
வக்கீல் அம்மா தாள்களைத் தேதிவாரியாக அடுக்கச் சொன்னார். அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில், உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு, அதாவது அலுவலகம் தன் கடமையைச் செய்ய உத்தரவிடக் கேட்கும் மனு. ஜிக்யா யாதவ் வழக்கில், 2021-இல், மத்திய இடைநிலைக் கல்வி வாரியத்துக்கு (சிபிஎஸ்இ) உச்ச நீதிமன்றம் சொன்னதையே ஆதாரமாக வைக்கப் போகிறார்: பள்ளிப் பதிவேட்டோடு ஒத்துப்போகிற திருத்தத்தை மறுக்கக் காரணமில்லை. விரும்பிப் பெயரையே மாற்றுவது வேறு, அதற்கு நிபந்தனைகள் அதிகம். பதிவேட்டிலேயே தகராறு இருந்தால் எது சரி என்று கோர்ட்டே அறிவிக்கக் கேட்டு, உரிமையியல் நீதிமன்றத்தில் விளம்புகை வழக்குப் போட வேண்டிவருமாம். நமக்கு அந்தச் சிக்கல் இல்லை.

செலவை நினைத்துத் தங்கை தயங்கினாள். 1987-ஆம் வருஷத்துச் சட்டப்படி பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. எத்தனை தாய்மாருக்கு இது தெரியும்!

ஆகஸ்ட் 8
உத்தரவு வந்துவிட்டது. கோர்ட் தானே எழுத்தைத் திருத்தவில்லை. உத்தரவு நகல் கைக்குக் கிடைத்த நாளிலிருந்து ஆறு வாரத்துக்குள் எங்கள் மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க அலுவலகத்துக்குச் சொல்லியிருக்கிறது. "இது போதுமா மாமா?" என்றாள். போதும். அதற்குப் பிறகும் அலுவலகம் பேசாமல் இருந்தால் அது நீதிமன்ற அவமதிப்பு. அவமதிப்பு மனுவை மட்டும் ஓராண்டுக்குள் போட்டுவிட வேண்டும்.

ஆகஸ்ட் 13
உத்தரவின் சான்றிட்ட நகலை அலுவலகத்தில் நேரில் கொடுத்தோம். எங்கள் பிரதியில் முத்திரை வைத்துத் தேதி போடும் வரை தங்கை கவுண்டரை விட்டு நகரவில்லை. ஆறு வாரக் கணக்கு இன்றைக்குத் தொடங்குகிறது.