கச்சான் கொட்டைக் கொம்பு

ஆட்டுக்குட்டிக்கு இராவணன் என்று பெயர் வைத்தது அம்மம்மாவின் பிழை. வெள்ளிக்கிழமை திருகோணமலைக் கோணேசர் கோயிலுக்குப் போய், பக்கத்துப் பாறைப் பிளவான இராவணன் வெட்டையும் எட்டிப் பார்த்துவிட்டு வந்தால் கொட்டிலில் குட்டி. வேறு பெயர் தோன்றவில்லையாம். மலையையே பெயர்க்கப் பார்த்தவனின் பெயரை வைத்தால் அது சும்மா இருக்குமா?

கொம்பு இரண்டும் இன்னும் கச்சான் கொட்டை அளவுதான். அதை வைத்தே வாளி, கதிரை, சைக்கிள், சாரத்தை மடித்துக் குனிந்து நின்ற அப்பா எல்லோரையும் வென்றாயிற்று.

கோயில் வழியில் இருக்கிற கோட்டையின் மான்கள் இருட்டினதும் எங்கள் ஒழுங்கைக்கு வரும் அல்லவா, போன கிழமை அதில் ஒரு கொம்பனை முட்டப் போனான். அது மெல்ல ஒதுங்கிப் போய்விட்டது. பழைய கொம்பு விழுந்து புதிது முளைக்கிற நேரம். மேலே வெல்வெட் மாதிரித் தோல், உள்ளே இரத்தம் ஓடும், தட்டுப்பட்டாலே நோகும். வம்புக்கு நிற்குமா? இதை இராவணனுக்கு யார் விளக்குவது? அன்றிலிருந்து நடையே வேறு. தாய் கத்தினாலும் திரும்புவதில்லை. பாலுக்கு மட்டும் வருவான்.

புள்ளிமான்கள் எல்லாம் ஒரே மாதத்தில் கொம்பு உதிர்ப்பதில்லை என்பதுதான் சிக்கல். நேற்று வந்தது முற்றின கொம்பு. பக்கத்துக்கு மூன்று முனை. என் செவ்வரத்தையை மொட்டோடு தின்றுகொண்டிருந்தது. (அதைப் பற்றி வீட்டில் ஒருவரும் இதுவரை கவலைப்படவில்லை.) இராவணன் பத்தடி பின்னால் போய், தலையைக் குனிந்துகொண்டு பறந்து வந்தான். மான் சப்புவதைக்கூட நிறுத்தவில்லை. தலையைக் கொஞ்சம் இறக்கியது, அவ்வளவுதான். ஆறு முனையும் இவன் கண்ணுக்கு நேரே. பிரேக் பிடிக்கவில்லை. சறுக்கி, திரும்பி, நேரே கழிவுநீர்க் கானுக்குள்.

அப்பா கொக்கத்தடியோடு பாய்ந்தார். மான் நிமிர்ந்து ஒரு பார்வை பார்த்தது. வந்த வேகத்திலேயே விறாந்தைக்குத் திரும்பி, “தடி எங்கே வைத்தேன்?” என்றார். தடி கையில்தான் இருந்தது.

குட்டியை அம்மம்மாதான் தூக்கிக் கழுவினார். ஒரு கீறலும் இல்லை.

இன்று பின்னேரமும் அதே மான் வந்தது. இராவணன் தாயின் வயிற்றுக்குக் கீழே நின்று தலையை மட்டும் நீட்டிக் கத்தினான். அப்பா ஜன்னலுக்குள் நின்று “சூ, சூ” என்றார். செவ்வரத்தையில் இப்போது தண்டு மட்டும் இருக்கிறது.