துளிர் விட்டுருச்சு மதினி!

பேப்பர் பூக் (போகன்வில்லா) குச்சி நட்ட வீட்டில் ரெண்டாவது, மூணாவது வாரத்தில் ஒரு கொண்டாட்டம் வரும். கணுவில் பச்சையாக ஒரு துளிர். மொட்டை மாடியிலிருந்தே, "துளிர் விட்டுருச்சு மதினி!" என்று பக்கத்து வீட்டுக்குத் தகவல் போகும். அன்றைக்கே தொட்டி வெயிலுக்கு மாறும், காலையும் மாலையும் ஒரு செம்பு தண்ணீர் விழும். அடுத்த வாரம் துளிர் கருகிவிடும், அடி அழுகிவிடும். பழி மதினியின் கண்ணு மேல்.

கண்ணு பாவம். குச்சிக்குள் சேர்ந்திருக்கும் மாவுச்சத்தை வைத்தே இலை வந்துவிடும். வேர் வர ஆறு முதல் பத்து வாரம் ஆகும். அதுவரை வெயிலில் இலை இழக்கிற நீரைக் கீழிருந்து கொடுக்க ஆள் இல்லை.

பென்சில் தடிமனில், பாதி முற்றிய குச்சிதான் சரி. பச்சை நுனி அழுகும். ஆறிலிருந்து எட்டு அங்குலம், நாலு கணு இருக்கட்டும். அடியைக் கணுவுக்குக் கீழே சாய்வாக, மேலே நேராக வெட்டினால் தலைகீழாக நடும் கூத்து நடக்காது. இலையையும் முள்ளையும் எடுத்துவிட்டு, அடியை ஐபிஏ என்கிற, வேரைத் தூண்டும் பொடியில் தொட்டு நடலாம். வேர் வரும் என்று சிலர் தடவும் தேனும் கற்றாழையும் சமையலறையிலேயே இருக்கட்டும்.

நடும் கலவைக்கு ரெண்டு பங்கு ஆற்று மணல், ஒரு பங்கு கழுவிய தென்னைநார்த் தூள். எம்-சாண்ட் என்றால் தூசியைச் சலித்துக் கழுவாமல் போடக் கூடாது, சிமென்ட் மாதிரி இறுகிவிடும். எரு இப்போது வேண்டாம். மூடி கழற்றிய தண்ணீர் பாட்டிலை அடி வெட்டிக் குச்சி மேல் கவிழ்த்து, தண்ணித் தொட்டி நிழலில் வைக்கலாம். ஒரு அங்குலத்துக்குக் கீழே விரலில் ஈரம் தட்டினால் தண்ணீர் தேவையில்லை. அழகர் ஆற்றில் இறங்கும் சித்திரை வெயிலில் இந்த வேலையே வேண்டாம். ஆவணி, புரட்டாசி பரவாயில்லை.

அடுத்த ஆபத்து அப்பத்தா. "லேசாத்தான்டா ஆட்டிப் பாத்தேன்" என்பார். புது வேர் நூல் போல இருக்கும், லேசான ஆட்டத்துக்கே அறுந்துவிடும். அடியில் ஓட்டை போட்ட கண்ணாடி டம்ளரில், அதாவது ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் டம்ளரில், ஒரு குச்சி மட்டும் நட்டு, அதை ஓட்டை போட்ட இன்னொரு கறுப்பு டம்ளருக்குள் இறக்கி வையுங்கள். அப்பத்தா உள் டம்ளரைத் தூக்கித் தூக்கிப் பார்க்கட்டும். சுவரோரம் வெள்ளை வேர் நாலைந்து தெரிந்தால் பாட்டிலை ஒரு வாரத்தில் மெல்ல மெல்ல விலக்கி, டம்ளரை பிளேடால் கிழித்து மண்ணோடு தொட்டிக்கு மாற்ற வேண்டும். இழுக்கக் கூடாது.

மதினி கேட்பது இலையில் வெள்ளை ஓரம் போட்ட ரகம். அது லேசில் வேர் பிடிக்காது. முதல் தடவைக்கு ராணி கலரைக் கொடுத்து அனுப்புங்கள்.