ஏணியில்லாமல் ஏறும் சுரங்கம்: சாங்க்ட் ஆண்ட்ரியாஸ்பெர்க் மாதிரி, இதுவரை செய்தது

ஜெர்மனியின் ஹார்ட்ஸ் மலையில் இருக்கும் சாங்க்ட் ஆண்ட்ரியாஸ்பெர்க் என்ற சின்ன வெள்ளிச் சுரங்க ஊரை அட்டையிலும் கம்பியிலும் செய்து பார்க்க வேண்டும் என்று ஆரம்பித்து ஏழு வாரம் ஆகிறது. இரண்டு பகுதி. ஒன்று ஊரும் மலையும் சேர்ந்த நில மாதிரி. இன்னொன்று அங்கே உள்ள சாம்சன் சுரங்கத்துக்குள் ஆட்கள் ஏறி இறங்கிய இயந்திரம், கையால் சுற்றினால் ஓட வேண்டும்.

முதலில் மலை. 1:25,000 அளவு, அதாவது ஒரு சென்டிமீட்டர் என்றால் 250 மீட்டர். 20 மீட்டர் உயர வித்தியாசத்துக்கு ஒரு கோடு என்று சமஉயரக் கோடுகளை அச்செடுத்து, ஒவ்வொரு கோட்டுக்கும் 2 மில்லிமீட்டர் அட்டை வெட்டி ஒட்டினேன். கணக்குப்படி 0.8 மில்லிமீட்டர்தான் வேண்டும், அதனால் என் மலை நிஜத்தைவிட இரண்டரை மடங்கு செங்குத்து. அதைத் திருத்தப் போவதில்லை. தெருக்கள் எப்படிச் சரிவில் தொங்குகின்றன என்பது இப்படிச் செய்தால்தான் கண்ணுக்குத் தெரிகிறது. மனிதன் வீடு கட்டத் தேர்ந்தெடுக்கும் இடமே இல்லை அது. மண்ணுக்கடியில் வெள்ளித் தாது ஓடியது, 1521-ல் சுரங்க உரிமைகள் கொடுத்து ஆட்களை வரவழைத்தார்கள், தாது இருந்த சரிவிலேயே ஊர் வந்துவிட்டது.

அட்டையை ஒட்டி முடித்து நீல நூலால் தண்ணீர்ப் பாதையைப் போட ஆரம்பித்தபோதுதான் இந்த ஊர் எனக்குப் பிடிபட்டது என்று சொல்ல வேண்டும். சுரங்கம் ஆழமாகப் போகப் போக ஊற்றுநீர் நிரம்பும், அதை இறைக்கவும் தாதுவைத் தூக்கவும் நீர்ச்சக்கரம் வேண்டும், சக்கரம் சுற்ற மேலிருந்து தண்ணீர் வர வேண்டும். கோடையில் ஓடை வற்றினால் சக்கரம் நிற்கும், கீழே சுரங்கம் முழுகும். ஆக, தண்ணீரை வெளியேற்றவே தண்ணீர் தேவைப்பட்டது. அதற்காகத்தான் மலைமேல் ஓடர்டைஷ் என்ற ஏரியை 1715 முதல் 1722 வரை கட்டினார்கள். கருங்கல் சுவர், நடுவில் கருங்கல் உதிர்ந்த மணலைக் கெட்டித்து அடைத்த கரை. சுமார் 17 லட்சம் கன மீட்டர் தண்ணீர் பிடிக்கும், 300 வருஷம் தாண்டியும் நிற்கிறது.

அங்கிருந்து ஊர்ப் பக்கம் தண்ணீர் கொண்டுவருவது ரேபெர்கர் கிராபென் என்ற வாய்க்கால், ஏழு கிலோமீட்டருக்கு மேல். இந்த நூலை ஒட்ட எனக்கு இரண்டு மாலைப்பொழுது ஆனது, ஏனென்றால் அது பெரும்பாலும் ஒரே அட்டையின் விளிம்பை ஒட்டியே மலையைச் சுற்றிச் சுற்றி வருகிறது. வாட்டம் அவ்வளவு குறைவு. கொஞ்சம் அதிகமாக இறங்கவிட்டிருந்தால் சக்கரத்துக்குத் தேவையான உயரம் வழியிலேயே வீணாகியிருக்கும். அந்தக் காலத்து அளவுக் கருவிகளை வைத்துக்கொண்டு பாறையில் இதை வெட்டியிருக்கிறார்கள். கத்தரிக்கோலும் பசையும் வைத்தே நான் மூன்று இடத்தில் தப்பான அட்டைக்கு இறங்கிவிட்டேன், பிரித்துத்தான் ஒட்ட வேண்டியிருந்தது.

சரி, இரண்டாவது பகுதி. சாம்சன் சுரங்கம் கடைசியில் 810 மீட்டர் ஆழம் போனது. தொழிலாளி வேலை முடித்துவிட்டு ஏணியில் ஏறி வெளியே வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும், நாள் முழுக்கப் பாறை உடைத்த உடம்பை வைத்துக்கொண்டு. இதற்கு 1833-ல் அந்த மலைப்பகுதியின் சுரங்க அதிகாரி டோரெல் ஒரு வழி செய்தார். ஃபார்குன்ஸ்ட் என்று பெயர். பக்கத்துப் பக்கத்தில் இரண்டு தண்டு, ஒன்று ஏறும்போது மற்றது இறங்கும், இரண்டிலும் படிகள். நீ நிற்கும் படி மேலே வந்து நிற்கும் நொடியில் எதிர்ப்படி அதே மட்டத்துக்கு வரும், அதற்கு மாறிவிடு, இப்போது அது ஏறும். மாறி மாறி நின்றே மேலே வந்துவிடலாம், முக்கால் மணி நேரத்தில். சாம்சனில் இதை 1837-ல் வைத்தார்கள், தண்டுக்குப் பதில் இரும்புக் கம்பி வடத்தில். அந்த வடமே அப்போது புதுசு. 1834-ல் பக்கத்து ஊரான கிளாஸ்தாலில் ஆல்பெர்ட் என்பவர் கண்டுபிடித்தது.

1:80 அளவு எடுத்தேன். ஆள் உயரம் 2 சென்டிமீட்டர். முழு ஆழமும் செய்தால் பத்து மீட்டருக்கு மேல் வரும், அதனால் 60 சென்டிமீட்டர் மட்டும். கையால் சுற்றும் கிராங்க், அது ஆட்டும் ஏற்றப்பலகை, பலகையின் இரண்டு முனையிலும் ஒவ்வொரு கம்பி. கம்பி ஏறி இறங்கும் தூரம் 2 சென்டிமீட்டர், ஆகவே படி இடைவெளியும் 2 என்று வைத்தேன். தப்பு. மட்டம் என்னவோ சேர்ந்தது, ஆனால் காகித ஆளின் தலை மேல்படியில் இடித்தது. ஒரு தாள் எடுத்துப் படம் போட்ட பிறகு புரிந்தது: ஒன்று 2 ஏறும்போது மற்றது 2 இறங்குகிறது, இரண்டுக்கும் நடுவே 4 மாறுகிறது. படி இடைவெளி 4 போதும். தலைக்கு மேலே ஓர் ஆள் உயரம் இடமும் கிடைக்கிறது.

அப்புறம் கம்பி. மெல்லிய எஃகுக் கம்பி சுருண்டுகொண்டே இருந்தது, ஒவ்வொரு கம்பியின் அடியிலும் இரண்டு நட்டு கட்டித் தொங்கவிட்டதும் நேரானது. படியைப் பசையால் ஒட்டினால் நாலு சுற்றில் வழுக்கி இறங்கிவிடும். கடைசியில் தீர்ந்துபோன பேனா ரீஃபிலை மூன்று மில்லிமீட்டர் துண்டுகளாக வெட்டி, கம்பியில் கோத்து, இடுக்கியால் நசுக்கி, அதன்மேல் தீக்குச்சிப் படி. அசையவில்லை.

நேற்று இரவு இடுக்கியால் ஆளைப் பிடித்து ஒவ்வொரு நிறுத்தத்திலும் மாற்றி மாற்றி வைத்து, முப்பது மாற்றத்தில் மேலே கொண்டுவந்தேன். நிஜத்தில் முழு ஆழத்துக்கு ஐந்நூறு தடவை மாற வேண்டும், எண்ணெய் விளக்கு வெளிச்சத்தில், கீழே இருட்டுப் பள்ளம். என் கை முப்பதுக்கே இரண்டு தடவை நழுவியது. ஆள் அடிக்குப் போய் விழுந்த சத்தம் சின்னதுதான், ஆனாலும் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

சுரங்கம் 1910-ல் மூடப்பட்டது. இயந்திரம் இன்னும் ஓடுகிறது, இப்போது மின்சாரத்தில். 190 மீட்டர் ஆழத்தில் ஸீபர் பள்ளத்தாக்குக்குப் போகும் வடிகால் சுரங்கம் இருக்கிறது, அங்கே வைத்த நீர்மின் நிலையத்தைக் கவனிப்பவர்கள் அந்த இயந்திரத்தில்தான் இறங்குகிறார்கள்.

அடுத்தது சாம்சனின் 12 மீட்டர் நீர்ச்சக்கரம். என் அளவில் 15 சென்டிமீட்டர். விளிம்பு வெட்டியாகிவிட்டது, தொட்டிகள் ஒட்ட வேண்டும்.